அரைக்கட்டை குறைவு

போன வாரம் அப்பா கதவைப் படீரென்று சாத்திக்கொண்டு உள்ளே போனதோடு நிறுத்திவிட்டேன். அந்த மனுஷனுக்கு அப்படி என்னதான் கோபம், சொல்லிவிட்டுப் போயிருக்கக் கூடாதா என்று கேட்டு வந்த கடிதங்களைப் படித்தேன். ஒரு வாசகி, கதவைச் சாத்தியது போதும், இனி உங்களைத்தான் நாலு சாத்து சாத்த வேண்டும் என்று எழுதியிருக்கிறார். சாத்துங்கள் அம்மா. இந்த வாரத்தைப் படித்துவிட்டுச் சாத்துங்கள்.

புதிதாக வந்து உட்காருகிறவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். பெரியவள் சினிமாவுக்கு இசை அமைக்கிறாள். வயலின், ஊதுகுழல் எல்லாம் சேர்ந்த பெரிய இசைக்குழுவுக்குத் தாளில் எழுதுவது அவள் வேலை. எலக்ட்ரானிக் ஒலிகளைச் செய்து அதன் அடியில் விரிப்பது அவள் தம்பி சின்னவன் வேலை. அப்பா பியானோக்களுக்குச் சுருதி சேர்ப்பவர். முப்பத்தைந்து வருடமாக அதே தொழில்.

அம்மா ஒரு காலத்தில் மேடையில் பாடியவள். பதினோரு வருடத்துக்கு முன்னால் தொண்டையில் ஆபரேஷன் நடந்தது, மேடை அதோடு போனது. ஆனால் உச்சத்தில் அவளுக்கென்று ஒரு ஸ்வரம் உண்டு. வீட்டுப் பியானோவில் ஜோடியாக நிற்கும் இரண்டு கறுப்புக் கட்டைக்கு நடுவே இருக்கும் வெள்ளைக் கட்டை. வருடா வருடம் பிறந்தநாளன்று அதைத் தட்டுவாள், கூடவே பாடுவாள், பாடி முடித்ததும் இடுப்பில் கை வைத்துக்கொண்டு நிற்பாள். "கத்தியே பட்டாலும் என் ஸ்வரம் என்னை விட்டுப் போகல பாத்தியா?" என்பாள். நம்மால் கை தட்டாமல் இருக்க முடியாது.

அந்தக் குரலைத்தான் பெரியவள் படத்தின் கடைசிக் காட்சிக்கு வைத்தாள். ஒரு பெண் பூட்டிய வீட்டின் சாவியைத் திருப்பிக் கொடுத்துவிட்டுத் தெருவில் நடந்து போகிறாள். வசனம் கிடையாது, மூன்று நிமிடம். மாதிரிக்காக வீட்டிலேயே பதிவு செய்தார்கள், பின்னால் ஃபிரிட்ஜ் உறுமிக்கொண்டிருந்தது. டைரக்டர் கேட்டுவிட்டு அப்படியே உட்கார்ந்துவிட்டார். "இந்தக் குரல் இல்லேன்னா என் படத்துக்கு முடிவே இல்ல. இசைக்குழுவோட நேர்ல நின்னு பாடட்டும்" என்றார்.

அம்மாவுக்குக் கால் தரையில் படவில்லை. அப்பா மட்டும் "அவ பாடப் போறதில்ல" என்றார். ஏன் என்று கேட்டதற்குத்தான் அந்தக் கதவு. அன்றிலிருந்து இருவருக்கும் பேச்சு இல்லை. "மின்சார பில் எங்கேன்னு அந்த ஆளைக் கேளு" என்று அம்மா சுவரைப் பார்த்துச் சொல்கிறாள், சுவருக்கு அப்பா பதில் சொல்கிறார்.

இது பதிவு நாள்.

காலை ஒன்பது மணிக்கு ஒலிப்பதிவுக் கூடத்தில் அறுபது பேர் உட்கார்ந்திருந்தார்கள். ஒரு மணிக்கு அறுபது பேரும் வாத்தியத்தைப் பெட்டியில் வைத்துவிட்டு எழுந்து போய்விடுவார்கள். அவர்களுக்கு மத்தியானம் வேறு இடத்தில் வேலை. மறுநாள் படம் கடைசி ஒலிக்கலவைக்குப் போகிறது, ஆகவே இன்று விட்டால் விட்டதுதான்.

பெரியவள் இதுவரை செய்த மூன்று படமும் சின்னப் படங்கள். எல்லா வாத்தியத்தையும் சின்னவனின் கம்ப்யூட்டரே வாசித்துவிடும். நிஜமான இசைக்குழுவின் முன்னால் மேடை ஏறி நிற்பது இதுதான் முதல் தடவை. கையில் தாளம் காட்டும் சின்னக் குச்சி. உள்ளங்கை வேர்த்துக் குச்சி வழுக்கியது, பாவாடையில் துடைத்துக்கொண்டாள்.

முதல் இரண்டு பகுதிகளும் இசைக்குழு மட்டுமே வாசிப்பவை. நன்றாகத்தான் வந்தன. ஆனாலும் பெரியவளுக்கு என்னவோ உறுத்தியது. தான் எழுதியதுதான், ஒரு புள்ளி மாறவில்லை, ஆனால் யாரோ திரையை விலக்கி வெயிலை உள்ளே விட்டதுபோல் கண் கூசியது. அறுபது பேர் வாசித்தால் அப்படித்தான் இருக்கும் போலிருக்கிறது என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

மூன்றாவது பகுதியில் சின்னவனின் ஒலியும் சேர வேண்டும். கண்ணாடி அறைக்குள்ளிருந்து அவன் ஓட்டினான். எல்லோர் ஹெட்ஃபோனிலும் தாளத்துக்கு ஒரு டிக் டிக், அதன் அடியில் அவன் செய்த ஆழமான ஒலி. பெரியவள் குச்சியை இறக்கினாள். அறுபது பேர் சேர்ந்து வாசித்தார்கள்.

பல் கூசியது.

செல்லோ வாசிக்கும் பெண் முகத்தைச் சுளித்தாள். பின்வரிசையில் ஒருவர் ஹெட்ஃபோனைக் கழற்றி அது உடைந்திருக்கிறதா என்று பார்த்தார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் டைரக்டர் சோபாவிலிருந்து எழுந்து நின்றார்.

"நிறுத்துங்க, நிறுத்துங்க" என்றாள் பெரியவள். காதுக்குள் நம்பிக்கையாக ஒலித்தது தம்பியின் ஒலிதான். அது வீட்டில் ஆறு மாதமாகக் கேட்டது, அதில் தவறு இருக்க வழியே இல்லை. "எல்லாரும் சுருதி கொஞ்சம் ஏறியிருக்கீங்க. கொஞ்சம் இறக்கிச் சேத்துக்கோங்க."

அறுபது பேரும் முதல் வயலின்காரரைப் பார்த்தார்கள். நரைத்த மீசை, சட்டைப் பையில் எப்போதும் சுருதி பார்க்கும் ஒரு இசைக்கவை வைத்திருப்பவர். கவையை எடுத்து முழங்காலில் ஒரு தட்டு தட்டி, அடியை வயலினின் உடம்பில் வைத்தார். ஒரு ஸ்வரம் மெல்லக் கிளம்பியது. பிறகு தன் கம்பியை மீட்டினார். இரண்டும் ஒன்றாகவே இருந்தன.

"நாங்க சரியாத்தான் இருக்கோம்மா" என்றார். கிண்டல் இல்லாமல் சொன்னார், அதனால்தான் அதிகம் வலித்தது. "உங்க மெஷின்தான் கீழ இருக்கு. கிட்டத்தட்ட அரைக்கட்டை."

பின்வரிசையில் யாரோ சிரிப்பை இருமலாக மாற்றினார். கொல்லன் தெருவில் ஊசி விற்கப் போனவள் கதியாகிவிட்டது பெரியவளுக்கு. அதிலும் அவள் சுருதி சேர்ப்பவரின் மகள்.

"பத்து நிமிஷம் இடைவேளை" என்று சொல்லிவிட்டுக் கண்ணாடி அறைக்கு ஓடினாள்.

சின்னவன் திரையில் ஒரு சிறு பெட்டியைத் திறந்து வைத்துக்கொண்டு பேயறைந்தவன்போல் உட்கார்ந்திருந்தான். கம்ப்யூட்டர் முழுவதற்குமான சுருதி அளவு அது. பூஜ்யம் இருக்க வேண்டிய இடத்தில் எண்பத்தேழு குறைவு என்று இருந்தது. நூறு குறைந்தால் முழு அரைக்கட்டை, அதாவது பியானோவில் பக்கத்துக் கட்டைக்கே இறங்கிவிடும்.

"இதை யாருடா மாத்தினது?"

"நான்தான்."

"எப்போ?"

"ஆறு வருஷம் முன்னாடி. இந்த மெஷினை வாங்கின அன்னிக்கு." அவன் திரையை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. "நம்ம வீட்டுப் பியானோவோட சேத்து வாசிச்சுப் பாத்தேன். சேரல. மெஷின்தான் தப்புன்னு நெனச்சேன். மெஷினைப் பியானோவுக்கு இறக்கிட்டு அப்புறம் மறந்தே போயிட்டேன்."

"பியானோ தப்பா இருக்கும்னு உனக்குத் தோணவே இல்லையா?"

"அப்பா சேத்த பியானோக்கா! அது எப்படித் தப்பா இருக்கும்?"

வேறு எந்த வீட்டுப் பிள்ளையாக இருந்தாலும் மெஷினை நம்பியிருப்பான். இவன் இந்த வீட்டுப் பிள்ளை. பெரியவளால் திட்டக்கூட முடியவில்லை, ஏனென்றால் அவளும் அதே பியானோவில்தான் ஒவ்வொரு வரியையும் எழுதினாள். தினமும் பார்க்கும் குழந்தை வளர்வது வீட்டில் இருப்பவர்களுக்குத் தெரியாது. பியானோ இறங்கியதும் அப்படித்தான் தெரியாமல் போயிருக்கிறது.

டைரக்டர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "இப்போ என்ன? படம் போச்சா?"

"போகல சார். நம்பரைப் பூஜ்யத்துக்கு ஏத்தினா என் சவுண்டு எல்லாம் சரியாயிடும். அஞ்சு நிமிஷம்" என்றான் சின்னவன்.

"அப்போ எதுக்கு ரெண்டு பேரும் இடி விழுந்த மாதிரி நிக்கிறீங்க? பண்ணுங்கப்பா!"

சரிதானே, பிறகு என்ன என்று நீங்களும் கேட்பீர்கள். சின்னவனின் விரல் பொத்தான்மேல் இருந்தது. அக்கா அவன் மணிக்கட்டைப் பிடித்தாள்.

"அம்மா" என்றாள்.

அப்போதுதான் அவனுக்கும் உறைத்தது. அம்மாவின் ஸ்வரம் வீட்டுப் பியானோவின் ஸ்வரம். இங்கே இன்னும் அரைக்கட்டை மேலே போக வேண்டும். பதினோரு மணிக்கு அம்மா டாக்ஸியில் வந்து இறங்கிவிடுவாள்.

அந்த நேரம் பார்த்துக் கண்ணாடி அறையின் கதவு திறந்தது. வந்தது அம்மா இல்லை, அப்பா. தலையில் ஹெல்மெட், தோளில் கருவிப் பை, மூச்சு வாங்கியது.

"உங்கம்மா டாக்ஸி சிக்னல்ல நிக்குது. நான் ஸ்கூட்டர்ல சந்துக்குள்ள பூந்து வந்துட்டேன். பெரியவளே, கொஞ்சம் வெளிய வா."

மூவரும் தாழ்வாரத்துக்கு வந்தார்கள். தண்ணீர் எந்திரம் ஒன்று மூலையில் முனகிக்கொண்டிருந்தது. அப்பா ஹெல்மெட்டைக் கழற்ற மறந்துவிட்டார்.

"அவ பாட வேணாம். குரல் ஒத்துவரலைன்னு டைரக்டர் சொல்லிட்டார்னு சொல்லிடு. என் மேல கோவப்பட்டாலும் பரவாயில்ல."

"வீட்டுப் பியானோ ஏம்பா எண்பத்தேழு குறைவா இருக்கு?" என்றாள் பெரியவள்.

அப்பா அவளையும் சின்னவனையும் பார்த்தார். பிறகு மெல்ல ஹெல்மெட்டைக் கழற்றினார். கையும் களவுமாகப் பிடிபட்ட மனிதர் என்னதான் செய்வார்?

"ஆபரேஷன் முடிஞ்சு மூணாவது மாசம். கட்டைத் தட்டிட்டுப் பாடினா. குரல் உடைஞ்சுபோச்சு. மறுபடி பாடினா, மறுபடி உடைஞ்சுது. மூடியைச் சாத்திட்டு எழுந்து போனவ அஞ்சு வாரம் பியானோ பக்கமே வரல. சரியாப் பேசல, சாப்பிடல. நீங்க ரெண்டு பேரும் படிக்கப் போயிடுவீங்க, நான்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்."

"அப்புறம்?"

"அவ அக்கா வீட்டுக்குப் போன அன்னிக்குக் கொஞ்சம் இறக்கினேன். இருநூத்திச் சொச்சம் கம்பி, ஒரு நாள் முழுக்க ஆச்சு. பத்தல. மூணு மாசம் கழிச்சு இன்னும் கொஞ்சம். மூணாவது தடவை இறக்கினதுக்கு அப்புறம்தான் அவளுக்கு எட்டுச்சு." அப்பா ஹெல்மெட்டைக் கை மாற்றிக்கொண்டார். "ஸ்வரம் வந்துடுச்சுன்னு பக்கத்து வீட்டுக்கு ஓடினா. செருப்புக்கூடப் போடல. அதுக்கப்புறம் நான் எந்த வாயால சொல்லுவேன்?"

சின்னவன் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டான். பெரியவளுக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. ஊரெல்லாம் போய்ச் சுருதி சேர்க்கிற மனுஷன் சொந்த வீட்டில் சுருதியைக் கெடுத்து வைத்திருக்கிறார். வேலியே பயிரை மேய்ந்த கதை.

"எங்க காதையும் சேத்துக் கெடுத்துட்டீங்களேப்பா. இப்போ உள்ள அறுபது பேர் முன்னாடி நான் என்ன சொன்னேன் தெரியுமா? நீங்கல்லாம் தப்பு, எங்க வீடுதான் சரின்னு சொல்லிட்டு வந்து நிக்கிறேன்."

"உங்கம்மாவைத் தவிர எனக்கு அப்போ வேற எதுவும் தோணலடி" என்றார் அப்பா.

பெரியவள் கடிகாரத்தைப் பார்த்தாள். பத்தே முக்கால். அம்மா பாடாவிட்டால் படத்துக்கு முடிவு இல்லை. பாடினால் அறுபது பேர் முன்னால் குரல் உடையும். குரல் ஒத்துவரவில்லை என்று சொல்லி அனுப்பினால், அம்மா மறுபடி மூடியைச் சாத்திவிடுவாள், இந்தத் தடவை திறக்கவே மாட்டாள். மூன்றுமே அவளுக்கு ஆகாது.

"தம்பி, மத்த எல்லாப் பகுதிக்கும் பூஜ்யம் வை. கடைசிப் பகுதிக்கு மட்டும் நூறு குறைவு வை."

"இன்னும் இறக்கணுமா?"

"ஆமா. முழு அரைக்கட்டை. அவங்களை நான் இறக்கிக்கிறேன்."

"அறுபது பேரையுமா? புதுசாத் தாள் அச்சடிக்க ஒரு மணி நேரம் ஆகும்க்கா!"

"அச்சடிக்க வேணாம். பென்சில் இருந்தாப் போதும்."

அவள் கூடத்துக்குள் போய் மேடையில் ஏறினாள். "முதல்ல மன்னிச்சுக்கோங்க. தப்பு எங்களுதுதான்" என்றாள். பின்வரிசை இருமல்காரர் இப்போது இருமவில்லை. "இன்னொரு உதவி. கடைசிப் பகுதியை அரைக்கட்டை கீழே வாசிக்கணும்."

முணுமுணுப்பு எழுந்தது. ஒரு ஊதுகுழல்காரர் வாய்விட்டே "ஏன்?" என்றார்.

பொய் சொல்லலாமா என்று ஒரு கணம் யோசித்தாள். இந்தக் குடும்பத்தில் பொய் போதும் போதும் என்று ஆகிவிட்டதே.

"பாடப் போறது எங்கம்மா. அந்த உச்ச ஸ்வரம் அவங்களுக்கு இப்போ அரைக்கட்டை கீழதான் எட்டும். அது அவங்களுக்குத் தெரியாது. எங்கப்பா பத்து வருஷமா மறைச்சு வெச்சிருக்காரு. இன்னிக்குத் தெரிய வேணாம்னு பாக்கறேன்."

முதல் வயலின்காரர் தன் தாளைப் புரட்டிப் பார்த்தார். இப்போது தாளில் இருப்பதில், விரல் படாத வயலின் கம்பிகளும் தானாகவே முழங்கும், கீழே இறக்கினால் அந்தச் சுகம் போய்விடும். ஒரு வயலின்காரருக்கு அது சாதாரண இழப்பு இல்லை. அவர் மீசையைத் தடவினார்.

"தாளில எந்தப் புள்ளியும் நகராதே" என்றார் மெதுவாக. "ஆரம்பத்துல ஸ்வரத்தை ஏத்துற ரெண்டு ஷார்ப் குறியை அடிச்சிட்டு, இறக்குற அஞ்சு ஃபிளாட் குறி போட்டா அதே கோட்டில அரைக்கட்டை கீழ வந்துடும். அதைத்தானே சொல்ல வர்றீங்க?"

"அதையேதான் சார்."

"கிளாரினெட்டுக்கும் ஹார்னுக்கும் தாளே வேற சுருதியில, ஆரம்பக் குறியும் வேற. நீங்க உங்க கணக்கைப் பாத்துக்கோங்கப்பா. நடுவுல மூணு இடத்துல புள்ளிக்குப் பக்கத்திலயே தனியா ஷார்ப் ஃபிளாட் வருது, அதைக் கவனிச்சு மாத்துங்க." சொல்லிவிட்டு வயலினை மடியில் படுக்க வைத்துப் பென்சிலை எடுத்தார்.

அறுபது பென்சில்கள் தாளில் உரசின. ஹார்ப் வாசிக்கும் பெண் மட்டும் சிரித்துக்கொண்டே சுருதி மாற்றும் கால் மிதிகளை மாற்றினாள். "எனக்கு இதுதாங்க நல்லது. ஃபிளாட் கூடினா என் கம்பி இன்னும் நல்லாப் பேசும்" என்றாள். யாரோ ஒருவருக்காவது லாபம்.

அம்மா வரும்போது பதினொன்றே கால். புடவை கலையாமல், தலை கலையாமல், பயம் மட்டும் முகத்தில் அப்பட்டமாகத் தெரிய வந்தாள். தாழ்வாரத்தில் அப்பாவைப் பார்த்ததும் நின்றாள்.

"தடுக்க வந்தீங்களா?" என்றாள். ஒரு வாரத்தில் அவரிடம் நேராகப் பேசிய முதல் வார்த்தை.

"இல்ல. கேக்க வந்தேன்" என்றார் அப்பா.

அம்மா அவரை மேலும் கீழும் பார்த்தாள். நம்பவில்லை. ஆனாலும் கைப்பையை அவர் கையில் கொடுத்துவிட்டு உள்ளே போனாள்.

நடுவில் இருந்த பகுதிகளைப் பெரியவள் வேக வேகமாக முடித்தாள். பூஜ்யத்துக்கு ஏற்றிய சின்னவனின் ஒலி இப்போது இசைக்குழுவின் அடியில் பாய் விரித்ததுபோல் படிந்தது. கடைசிப் பகுதிக்கு வரும்போது பன்னிரண்டரை.

அம்மா மைக் முன்னால் நின்றாள். ஹெட்ஃபோன் தலைக்குப் பெரிதாக இருந்தது, முதல் வயலின்காரர் எழுந்து வந்து பட்டையை இழுத்துச் சரிசெய்துவிட்டுப் போனார். சுவரில் இருந்த படத்திரையில் அந்தப் பெண் சாவியைக் கொடுத்தாள். குச்சி இறங்கியது.

தாளில் ஒன்று எழுதியிருக்க, பென்சிலில் வேறொன்று எழுதியிருக்க, அறுபது பேரும் பென்சிலையே வாசித்தார்கள். ஒருவர்கூடத் தடுமாறவில்லை. அம்மாவின் குரல் தாழ்வாகத் தொடங்கி, செல்லோக்களுக்கு நடுவே நடந்து, அந்தப் பெண் தெருமுனையில் திரும்பும்போது மேலே ஏறியது. கண்ணாடிக்குப் பின்னால் அப்பா கைப்பையை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டிருந்தார்.

ஸ்வரம் வந்தது. முழுசாக, வட்டமாக வந்து நின்றது.

கடைசி ஒலி அடங்கியதும் வயலின்காரர்கள் வில்லால் தாள் தாங்கியைத் தட்டினார்கள். அவர்கள் ஊரில் அதுதான் கைதட்டல். டைரக்டர் கண்ணைத் துடைத்துக்கொண்டே ஒலிபெருக்கியில் பேசினார். "அம்மா, போதும்மா. இதுக்கு மேல என்ன வேணும்? இருந்தாலும் ஒரு பாதுகாப்புக்கு இன்னொரு தடவை எடுத்துக்கலாம். அஞ்சு நிமிஷம் மூச்சு வாங்கிக்கோங்க."

சின்னவன் நாற்காலியில் சரிந்தான். அப்பா வெளியே வந்து கூடத்தின் கதவோரம் நின்றார். பத்து வருடத்தில் இப்படி நிம்மதியான முகத்தை நான் அவரிடம் பார்த்ததில்லை.

அந்த நிம்மதிக்கு ஆயுசு இரண்டு நிமிடம்.

கூடத்தின் ஓரத்தில் ஒரு பெரிய பியானோ நின்றது. இன்று அதற்கு வேலை இல்லை, மூடி மட்டும் திறந்திருந்தது. தண்ணீர் குடித்துவிட்டு அம்மா அந்தப் பக்கமாக வந்தாள். சந்தோஷமாக இருக்கும்போது அவள் என்ன செய்வாள் என்று உங்களுக்குத் தெரியும். இரண்டு கறுப்புக்கு நடுவே இருக்கும் வெள்ளைக் கட்டையை ஒரு விரலால் தட்டினாள்.

பெரியவள் மேடையிலிருந்து பார்த்தாள்.

அம்மாவின் முகத்தில் சிரிப்பு அப்படியே நின்றது. மறுபடி தட்டினாள். தான் பாடியதை வாய்க்குள் முனகிப் பார்த்தாள். பிறகு விரலை மெல்ல இடதுபக்கம் நகர்த்தி, பக்கத்துக் கறுப்புக் கட்டையைத் தட்டினாள். அதுதான் அவள் பாடிய ஸ்வரம்.

அம்மா திரும்பினாள். மகளைப் பார்க்கவில்லை, நேராகக் கதவோரம் பார்த்தாள்.

"எத்தனை வருஷமா?"

"பத்து" என்றார் அப்பா.

"பத்து வருஷமும் என் பிறந்தநாளைக்குக் கை தட்டினீங்களே!"

"நீ சந்தோஷமா இருந்தே."

"முட்டாளா இருந்தேன்" என்றாள் அம்மா. "இங்க இருக்கிற எல்லாருக்கும் தெரியுமா?"

அறுபது பேரும் தாளைக் குனிந்து பார்த்தார்கள். அதுவே பதிலாகிவிட்டது.

பெரியவள் மேடையிலிருந்து இறங்கி ஓடி வந்தாள். "அம்மா, நான் சொல்றதைக் கேளு. முதல் டேக் பிரமாதமா வந்திருக்கு. டைரக்டருக்குப் பிடிச்சிடுச்சு. நாம இதோட விட்டுடலாம்."

"முதல்ல நீ எழுதினது எந்த ஸ்வரம்?"

"அம்மா..."

"எந்த ஸ்வரம்டி?"

"வெள்ளைக் கட்டை."

"அப்போ அதையே வாசிக்கச் சொல்லு."

"வேணாம்மா. உடைஞ்சா..."

"உடையட்டும். எனக்கு வருமா வராதான்னு ஊருக்கே தெரிஞ்சிருக்கு, எனக்கு மட்டும் தெரியல. வரலைன்னா வரலைன்னு நானே தெரிஞ்சுக்கிறேன். அதை எனக்காக இன்னொருத்தர் தெரிஞ்சு வெச்சுக்க வேணாம்."

மைக்கிடம் போய் ஹெட்ஃபோனைத் தானே மாட்டிக்கொண்டாள். பெரியவள் கண்ணாடியைப் பார்த்தாள். டைரக்டர் தலையசைத்தார். சின்னவன் அக்காவையே பார்த்துக்கொண்டு எண்ணைப் பூஜ்யத்துக்கு ஏற்றினான்.

முதல் வயலின்காரர் பையைத் துழாவி ஒரு ரப்பரை எடுத்து ஐந்து ஃபிளாட்டையும் அழித்தார். அவரைப் பார்த்து மற்றவர்களும் அழித்தார்கள். ரப்பர் இல்லாதவர்கள் பக்கத்தில் இருப்பவரிடம் கை நீட்டினார்கள்.

ஒரு மணிக்கு எட்டு நிமிடம் இருந்தது. ஒரே ஒரு தடவைதான் முடியும்.

கதவோரம் நின்ற அப்பா இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டார். வாழ்நாள் முழுக்கக் காதை வைத்துப் பிழைத்த மனிதர், இதைக் கேட்க மட்டும் அவருக்குத் தைரியம் இல்லை.

அம்மா மைக்கிலிருந்தே அதட்டினாள். "கையை எடுங்க."

எடுத்தார். பெரியவள் குச்சியைத் தூக்கினாள்.